எட்டாம் எண் கம்பத்தின் புகழ்

உலக நாகரிகத்துக்கு மலேசியாவின் லூனாஸ் வட்டாரம் அளித்த மாபெரும் கொடை, இருட்டு. சாதாரண இருட்டு அல்ல. பஸ் நிற்கும் இடத்திலிருந்து செம்பனைக் காட்டுக்குள் புகுந்து எஸ்டேட் லயத்து வரிசை வீடுகள் வரை போகிற பாதையில், எட்டாம் எண் கம்பத்து விளக்கு அணைந்த நாள் முதலாக, நான்கு ஆண்டுகளாகக் கலப்படமில்லாமல் பராமரிக்கப்பட்டு வரும் இருட்டு.

இந்தப் 'பொக்கிஷத்தின்' அருமை குணசுந்தரிக்கு மட்டும் விளங்கவில்லை. கூலிம் தொழிற்சாலையில் வேலை முடிந்து தினமும் இரவு எட்டு மணிக்கு பஸ்ஸை விட்டு இறங்குகிறவள். போன மாதம் அந்தக் கம்பத்தடியில் கால் தவறிக் கால்வாய்க்குள் விழுந்து கையை உடைத்துக்கொண்டாள். மூன்று வாரம் லீவு. "இன்னொரு தடவ விழுந்தா வேற ஆளப் பாத்துக்குவோம்" என்று சூப்பர்வைசர் அன்போடு சொல்லியிருந்தார். அவளும் விடாமல், விளக்கு எரியவில்லை என்று நகராட்சி அலுவலகத்தில் பதினோராவது முறையாகப் புகார் கொடுத்திருந்தாள்.

அருமை தெரிந்தவன் அதே லயத்து அமலன். வீட்டு அறைக்குள் தனியாளாக உட்கார்ந்து கம்ப்யூட்டரில் பேய் கேம் செய்கிறவன். அந்தப் பாதையை மேடு பள்ளம் மாறாமல் கேமுக்குள் கொண்டுவந்துவிட்டான். இருட்டில் நின்றால் திரையின் மூலையில் 'பயம்' என்ற எண் ஏறும்; வெளிச்சத்துக்கு வந்தால் பூஜ்யமாகிவிடும். நூறைத் தொட்டால் ஆள் காலி. வெளிநாட்டுக்காரர்கள் காசு கொடுத்து வாங்கி அலறினார்கள்.

ஊர்க்காரர்கள் விடுவார்களா? ஒரு சனிக்கிழமை காலை மண்டபத்தில் பாராட்டுக் கூட்டம். நகராட்சிப் புகார்ப் பிரிவு அதிகாரி புவனேசன் தலைமை. குணசுந்தரிக்கு 'இருட்டு ஆலோசகர்' என்று பட்டம், மாலை, பொன்னாடை.

"எந்த எடத்துல பயம் வரும்னு அக்காதான் காட்டுனாங்க" என்றான் அமலன் பெருமையாக.

"நான் எங்க காட்டுனேன் தம்பி? விழுந்தேன் லா!"

மண்டபம் கைதட்டியது. அமலன் பெரிய திரையில் விளையாடிக் காட்டினான். எட்டாம் கம்பத்தை நெருங்கியதும் பளிச்சென்று விளக்கு எரிந்தது. குணசுந்தரி நாற்காலியை விட்டே எழுந்துவிட்டாள்.

"இது எப்படி எரியுது?"

"அங்க ரொம்ப இருட்டா இருக்குன்னு நார்வேலேர்ந்து ஒருத்தரு கம்ப்ளேன் பண்ணாரு அக்கா. பாவமா இருந்திச்சி. ரெண்டே நாள்ல லைட்டு போட்டுட்டேன்."

குணசுந்தரி மாலையைக் கழற்றி நாற்காலியில் வைத்தாள். நேராக அதிகாரியிடம் போனாள்.

"சார், அவருக்கு ரெண்டு நாளு, எனக்கு நாலு வருசமா? அதே கம்பந்தான் சார்!"

"கோவப்படாதீங்கம்மா. ஒங்க ஃபைல நான் மறக்கல. எட்டாம் கம்பத்துல லைட்டு எரியிற மாதிரி ஒரு போட்டோ வேணும். போட்டோ இல்லாம புகார மூட முடியாது. ரூல்ஸ் அப்படி."

"மொதல்ல லைட்டு எரியணுமே சார்!"

"கரெக்டா சொன்னீங்க" என்ற புவனேசன், திரையில் எரிந்த விளக்கைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு கைப்பேசியை உயர்த்தி, கண்ணைச் சுருக்கி, நிதானமாக ஒரு படம் எடுத்துக்கொண்டார். கேமின் மேல் அவருக்கு எவ்வளவு ஆசை என்று கூட்டம் மறுபடி கைதட்டியது.

திங்கட்கிழமை எட்டு மணி. பஸ்ஸை விட்டு இறங்கிய குணசுந்தரி, கைப்பேசி வெளிச்சத்தில் தரையைத் தடவித் தடவி எட்டாம் கம்பத்தடிக்கு வந்தபோது செய்தி ஒன்று வந்தது. 'தங்கள் புகார் வெற்றிகரமாகத் தீர்க்கப்பட்டது. ஆதாரம் இணைப்பில்.'

திறந்து பார்த்தாள். எட்டாம் கம்பம், பளிச்சென்ற விளக்கு. மூலையில் சின்னதாக, 'பயம்: 0'.

அண்ணாந்து பார்த்தாள். நிஜக் கம்பத்தில் ஒன்றும் தெரியவில்லை. பயமாக இருந்தது.

ஆனாலும் அலுவலகத்தின் மீது வீண்பழி போடக் கூடாது. அந்தப் பூஜ்யம் பொய்யே அல்ல. அந்த அலுவலகத்தில் ஒருவருக்கும் ஒரு பயமும் கிடையாது; இந்தப் பாதையில் நடந்து வீட்டுக்குப் போகிறவர் அங்கே ஒருவரும் இல்லை.