பாதாளம் தோண்டிய ரயில் ஸ்டேஷன்

நாட்டின் முதல் பாதாள ரயில் ஸ்டேஷன் கல்கத்தாவில் வந்தது என்று படித்தவர்கள் சொல்வார்கள். சொல்லட்டும். அதற்கு முன்பே, எழுபதுகளில், தூத்துக்குடியில் என் அக்காள் வீட்டுப் புறவாசலில் ஒன்று வந்துவிட்டது. ரயில் ஒன்றுதான் வரவில்லை.

கட்டியவர் அக்காள் புருஷன். ஞானஸ்நானத்தில் வைத்த பெயர் ஒன்று அவருக்கு உண்டு. வைத்த சாமியாருக்கே அது மறந்துபோனது. ஊருக்கு அவர் பாதாளம்.

இளவயதில் முத்துக் குளித்தார். பிறகு சங்கு. காதில் ரத்தம் வந்ததும் சரக்குக் கப்பலில் வேலைக்குப் போனார். கப்பல் லண்டனில் நின்றது. மற்றவர்கள் ஊர் பார்த்தார்கள். இவர் பாதாள ரயிலுக்குள் இறங்கினார். கப்பல் கிளம்பும்வரை மேலே வரவில்லை. லண்டனில் வானம் எப்படி இருக்கும் என்று கேட்டால் முழிப்பார்.

திரும்பி வந்தது முதல் டீக்கடையில் சரித்திரப் பாடம்.

“லண்டன்காரன் மொதல்ல தெருவ நீளத் தோண்டுனான். தண்டவாளம் போட்டான். மேல வளச்சுக் கட்டி மூடி, திரும்பத் தெருவாக்கிட்டான்.”

“அதுக்குத் தோண்டாமலே இருந்திருக்கலாம்லா?” என்றார் டீக்கடை அண்ணாச்சி.

“கேளும் அண்ணாச்சி. அப்பம் ஓடுனது கரி எஞ்சின். உள்ள பூரா புகை. இருமிக்கிட்டே போவான், இருமிக்கிட்டே வருவான். பொறவு சண்டை வந்துது. மேல குண்டு போடுதான். ஊரே கீழ எறங்கிப் படுத்துக்கிட்டு. இங்கன குண்டு விழுந்தா நீரு எங்கன போய்ப் படுப்பீரு?”

அண்ணாச்சி யோசித்தார். “கடையப் போட்டுட்டு நான் எங்கன போக?”

கல்கத்தாவில் தோண்ட ஆரம்பித்துவிட்டார்கள் என்று பேப்பரில் வந்தது. அன்று பாதாளம் சாப்பிடவில்லை. எங்கள் ஊரில் புதுத் துறைமுக வேலை நடந்த சமயம். பழைய துறைமுகத்திலிருந்து புதியதுக்குப் பாதாள ரயில் விட வேண்டும் என்றார். மாதிரிக்கு ஒரு ஸ்டேஷன், அக்காள் துணி காயப்போடும் இடத்தில்.

“கல்கத்தாக்காரன் சேத்துலயே தோண்டுதான். நமக்கு மணலு. கையாலயே அள்ளலாம்.”

மணலைக் கையால் அள்ளலாம். உண்மைதான். அள்ளிய இடத்துக்கு அது தானாகத் திரும்பி வரும். அதுவும் உண்மைதான்.

இரண்டு ஆள் ஆழத்துக்குத் தோண்டினார். பனந்தடி ஊன்றிப் பலகை அடைத்தார். பலகைக்கு வெள்ளையடித்தார். லண்டனில் கீழே இருட்டாக இருக்கும் என்று வெள்ளை ஓடு பதித்திருக்கிறார்களாம். அடியில் பயணிகளுக்கு ஒரு பெஞ்சு. அதன் கால்கள் தண்ணீரில் நின்றன. படி மட்டும் இல்லை.

“லண்டன்ல தானா ஓடுத படி உண்டுன்னு சொன்னியளே மச்சான்?” என்றேன்.

“அவனுக்குக் கயித்துல எறங்கத் தெரியாது. படி வச்சான். நமக்கு என்னத்துக்கு மாப்ள?”

முத்துக் குளிக்கிறவன் கல்லை மிதித்துக்கொண்டு கடலுக்குள் இறங்குவான். அவன் கயிறு மேலே வள்ளத்தில் ஒருவன் கையில் இருக்கும். அந்த ஒருவன், குளிக்கிறவனுடைய பெண்டாட்டியின் கூடப்பிறந்தவனாக இருப்பான். விட்டால் தாலி அறுப்பது தன் உடன்பிறந்தாள் என்பதால் விடமாட்டான். அன்பை நம்பிக் கடலில் இறங்குகிற வழக்கம் எங்கள் கரையில் இல்லை.

பாதாளம் இந்த ஏற்பாட்டை அப்படியே ரயில்வேக்குக் கொடுத்துவிட்டார். ஒவ்வொரு பயணிக்கும் மேலே ஒரு மச்சினன்.

“மச்சினன் இல்லாதவன்?” என்றேன்.

“அவன் பஸ்ஸுல போட்டும்.”

துறைமுக வேலைக்கு வந்திருந்த இன்ஜினீயர் ஒருவரைக் கையைப் பிடித்து அழைத்து வந்தார். அவர் வாயால் ‘ஆகும்’ என்று ஒரு சொல் வர வேண்டும். இன்ஜினீயர் எட்டிப் பார்த்தார்.

“ஈர மணல். பலகை தாங்காது. உடனே மூடிடுங்க.”

சொன்னது முழுக்கச் சரி. அதனால் யாரும் கேட்கவில்லை.

“சுரங்கத்துக்குள்ள தண்ணி வந்தா ஜனங்க என்னங்க பண்ணுவாங்க?”

“மூச்சப் பிடிப்பாவ. புதுத் துறைமுகம் வர மூச்சுப் பிடிக்கத் தெரியாதவன் கடக்கரையில என்னத்துக்கு இருக்கான்?”

பலகையின் பலத்தைக் காட்டப் பாதாளமே இறங்கினார். கயிறு என் கையில். பெஞ்சில் உட்கார்ந்தார். முதுகைப் பலகையில் சாய்த்தார். பலகை அவர்மேல் சாய்ந்தது.

மணல் மார்புவரை வந்தது. நிற்கவில்லை. அக்காள் “மாதாவே!” என்று ஓடி வந்தாள். இன்ஜினீயர் கயிற்றைப் பிடிக்கப் பாய்ந்தார்.

“கயித்துல கை வைக்காதீரும்!” என்று கீழேயிருந்து சத்தம்.

“யோவ், செத்துப்போயிடுவய்யா!”

“உமக்கு அக்கா தங்கச்சி உண்டா?”

“தங்கச்சி மதுரையில இருக்கா. இப்ப அதுக்கென்ன?”

“அப்பம் மதுரைக்குப் போயி அவ புருசன் கயித்தப் பிடியும்!”

நான் ஒற்றை ஆளாக இழுத்தேன். அசையவில்லை. வேறு கை பட்டால் வரமாட்டேன் என்கிறார். வருவதும் வராததும் ஏதோ அவர் இஷ்டத்தில் இருந்த மாதிரி. மணல் கழுத்துக்கு ஏறியது.

அக்காள்தான் கத்தினாள். “கயித்தத் தொடாதிய! இவன் இடுப்பப் பிடிச்சு இழுங்க!”

சத்தம் கேட்டு ஓடி வந்திருந்த டீக்கடை அண்ணாச்சி என் இடுப்பைப் பிடித்தார். அண்ணாச்சி இடுப்பை இன்ஜினீயர். அவருக்குப் பின்னால் தெரு முழுதும். கயிற்றைப் பிடித்தது நான் மட்டும். வழக்கம் பிழைத்தது. என் உள்ளங்கைத் தோல் பிழைக்கவில்லை.

வந்தார். இடுப்பில் உடுத்தியிருந்த சாரம் கீழேயே தங்கிவிட்டது. இன்ஜினீயர் தன் சட்டையைக் கழற்றிக் கொடுத்தார்.

“ஆகுமா ஐயா?” என்று அவரிடம் கேட்டார் பாதாளம்.

“ஆகாது.”

“ஆமா. ஆளுக்கு ஒரு மச்சினன் பத்தாது போல.”

அக்காள் அன்றே குழியை மூடவைத்தாள். மறுநாள் அதன்மேல் துணி காய்ந்தது.

என் கை ஆறும்வரை சோறு பிசைந்து எனக்கு ஊட்டியவர் அவர்தான். ஊட்டும்போதும் லண்டன் பேச்சுதான். வாயில் சோறு. பதில் சொல்லவும் வழியில்லை.

நடுவில் ஒருநாள் கேட்டார். “ஒங்க அக்காவுக்காகத்தானல கயித்த விடல?”

ஆமாம் என்று தலையாட்டினேன். சாகும்வரை அப்படித்தான் நினைத்திருந்தார். எனக்கு அக்காள் என்று ஒருத்தி இல்லாமலே இருந்தாலும் விட்டிருக்கமாட்டேன்.